அறுபத்து நான்கு பேருக்கு ஒரு வில்லை

அவளுக்குப் பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருந்தது. ஆலையின் ஆள் பட்டியலைத் தவிர வேறெங்கும் அது புழங்கவில்லை. தறிக்கூடத்தில் எல்லோருக்கும் அவள் முடிச்சக்கா. இழை அறுந்தால் மற்றவர்கள் முனையைத் தேடிப் பிடித்து முடிச்சுப் போடுகிற நேரத்தில், அவள் மூன்று இழையை முடித்துவிட்டு இடுப்பில் கை வைத்து நிற்பாள். அவள் போட்ட முடிச்சு அவிழ்ந்ததாக இருபத்தாறு வருஷத்தில் எந்த மேஸ்திரியும் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் அவர் பாடு திண்டாட்டம்தான்.

வாயும் கைக்குச் சளைத்ததில்லை. வாழ்நாளில் பாதியைத் தறிச் சத்தத்துக்கு நடுவே கழித்தவளுக்கு வீட்டிலும் மெல்லப் பேச வராது. "உப்பு எங்கே?" என்று அவள் கேட்டால் பக்கத்து வீட்டுக்காரர்கள் சண்டையோ என்று எட்டிப் பார்ப்பார்கள். "எனக்கு நெஞ்சுதான் போச்சு, காது நல்லாத்தான் இருக்கு," என்பார் அவள் கணவர். அதே ஆலையில் பஞ்சைப் பிரித்து அடிக்கிற பிரிவில் இருந்தவர். தூசி நுரையீரலை நிரப்பியதும் ஆலை அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டது. இப்போது அடுப்புக்குப் பக்கத்தில் ஒரு முக்காலியைப் போட்டு, உட்கார்ந்தபடியே சமைப்பார். நாலு வார்த்தைக்கு ஒரு இருமல். அந்த நாலு வார்த்தைக்குள் அவளைச் சிரிக்க வைத்துவிடுவார்.

கூடத்துக்குள் அவள் குரல் எதற்கும் உதவாது. ஆளுக்கு இரண்டு வீதம் நூற்றிருபத்தெட்டுத் தறிகள் ஒரே நேரத்தில் அடிக்கும்போது காதுக்குள் வாயை வைத்துக் கத்தினால்தான் ஏதோ கொஞ்சம் கேட்கும். அதனால் பெண்கள் உதட்டால் பேசுவார்கள். சத்தம் வராது, உதடு மட்டும் அகலமாக அசையும். வீட்டுக் கதை, தெருக் கதை, மேஸ்திரியின் தொப்பை எல்லாம் நாலு வரிசை தள்ளி நிற்பவளுக்கு அப்படித்தான் போய்ச் சேரும். முடிச்சக்காவின் ஒரே மகளும் கல்யாணத்துக்கு முன்பு நாலு வருஷம் அந்தக் கூடத்தில் நின்றவள். ரகசியம் என்றால் தாயும் மகளும் இன்றைக்கும் உதட்டுப் பேச்சுதான்.

மகளைக் கட்டிக்கொண்டவன் ஆலையின் டைம் கீப்பர். காலரில் எண்ணெய்க் கறை படாத உத்தியோகம், ஆலை கொடுத்த குவார்ட்டர்ஸ். சாப்பிட உட்கார்ந்தாலும் மணி பார்க்கிற ஆள். கெட்டவன் என்று யாரும் சொல்ல முடியாது. மேலே இருப்பவர்கள் ஒன்றைச் சொன்னால் அதில் ஏதாவது நியாயம் இருக்கும் என்று நம்புகிறவன், அவ்வளவுதான். கல்யாணம் ஆன மாதமே, "என் பெண்டாட்டி எதுக்குத் தறியில நிக்கணும்?" என்று சொல்லி அவளை நிறுத்திவிட்டான். முடிச்சக்காவுக்கு அது சுருக்கென்று தைத்தது. அப்படியானால் தறியில் நிற்கிற நான் யார் என்று கேட்க வாய் வரைக்கும் வந்தது. மாப்பிள்ளையாயிற்றே என்று விழுங்கிக்கொண்டாள்.

அந்த வருஷம் புது மேனேஜர் வந்தார். கூடத்தின் மேலே சுற்றி ஓடுகிற நடைபாதையில் மூன்று நாள் நின்று பார்த்தார். கக்கூசுக்குப் போகிறோம் என்று சொல்லிக்கொண்டு பெண்கள் பொழுதைப் போக்குகிறார்கள் என்று நாலாம் நாள் கண்டுபிடித்தார். அடுத்த வாரம் கக்கூஸ் கதவுக்குப் பக்கத்தில் ஒரு மேஜை வந்தது. மேஜைக்கு மேலே சுவரில் ஒரு கடிகாரம், அதற்குக் கீழே ஒரு ஆணி, ஆணியில் ஒரு பித்தளை வில்லை. வில்லை கையில் இருக்கிறவள்தான் உள்ளே போகலாம். ஐந்து நிமிஷத்தில் திரும்ப வேண்டும். போன நேரமும் வந்த நேரமும் நோட்டில் ஏறும். அறுபத்து நான்கு பெண்களுக்கு அந்த ஒரே வில்லை. மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்தவன், மணி பார்ப்பதில் ஆலையிலேயே கெட்டிக்காரன் என்று பெயர் வாங்கிய அவள் மருமகன்.

முதல் நாள் முடிச்சக்கா இரண்டு மணி நேரம் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். மாப்பிள்ளையிடம் போய் என்னவென்று கேட்பது? அவனுக்கும் அதே அவஸ்தை. அவள் வருவதைப் பார்த்ததும் நோட்டுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டான். அவள் கையை நீட்டினாள். அவன் நிமிராமலே வில்லையை எடுத்துக் கொடுத்தான். எழுதும்போது காது மடல் சிவந்துபோயிருந்தது. திரும்பி வந்து வில்லையை மேஜையில் வைத்தவள், உதட்டை நன்றாக அசைத்து, 'நல்ல உத்தியோகம் மாப்பிள்ளை' என்றாள். அவனுக்கு உதட்டுப் பேச்சு தெரியாது. ஏதோ நல்ல வார்த்தை என்று தலையை ஆட்டி வைத்தான். மூன்றாம் வரிசையில் பார்த்துக்கொண்டிருந்தவர்கள் சிரிப்பை அடக்க முடியாமல் தறிக்குப் பின்னால் குனிந்துகொண்டார்கள்.

அந்தச் சிரிப்பு ஒரு வாரம்கூட நீடிக்கவில்லை. பெண்கள் தண்ணீர் குடிப்பதை நிறுத்தினார்கள். தூசியும் நீராவியும் கலந்த புழுக்கத்தில் காலையிலிருந்து தொண்டையை நனைக்காமல் நின்றார்கள். நீர்க்கடுப்பு வந்தவர்கள் அதை வீட்டில் சொல்லவும் கூச்சப்பட்டார்கள். மாத விலக்கு நாட்களில் அவர்கள் பட்ட பாட்டை எழுத அந்த நோட்டில் இடம் இல்லை.

முடிச்சக்காவுக்குப் பக்கத்துத் தறியில் நின்றவள் ஏழு மாதக் கர்ப்பிணி. அதிகம் பேசாத, யாரிடமும் எதுவும் கேட்காத பெண். ஒரு நாள் காலை ஒன்பது மணி சுமாருக்கு அவள் மேஜைக்குப் போனாள். வில்லை வெளியே போயிருந்தது. திரும்பி வந்தாள். கால் மணி கழித்து மறுபடி போனாள். அப்போது வில்லை ஆணியில் தொங்கியது. ஆனால் காலை வேளையில் ஒருத்திக்கு ஒரு தடவைதான் என்று அந்த வாரம் புது உத்தரவு வந்திருந்தது. அவள் ஏழு மணிக்கே ஒரு தடவை போய்விட்டாள். மூன்றாம் தடவை போனபோது அவள் வயிற்றைத் தொட்டுக் காட்டிக் கெஞ்சியதை முடிச்சக்கா தூரத்திலிருந்து பார்த்தாள். மருமகன் கடிகாரத்தைக் காட்டினான், நோட்டைக் காட்டினான், கையை விரித்தான்.

அவள் திரும்பி வந்து தறியின் முன்கட்டையை இறுகப் பிடித்துக்கொண்டு நின்றாள். கொஞ்ச நேரத்தில் காலடியில் தரை நனைந்தது. அவள் அழவில்லை, தறியையும் நிறுத்தவில்லை. ஊடுநூலைச் சுமந்துகொண்டு நாடா அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் ஓடுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள். நகர்ந்தால் கூடமே பார்க்கும். மாலைச் சங்கு ஊதுகிற வரைக்கும் அப்படியே நின்றுவிடலாம் என்று நினைத்தாள் போலிருக்கிறது.

முடிச்சக்கா தன் தறிகளை நிறுத்தினாள். இடுப்புக் கயிற்றில் தொங்கிய கத்தரியை எடுத்தாள். தறியில் இருந்தது, நூறு கெஜம் முடிகிற வரைக்கும் யாரும் கத்தரி வைக்கக் கூடாத துணி. இடையில் வெட்டினால் அந்தப் பீஸே கழிவு. அவள் குறுக்கே வெட்டினாள். உருளையிலிருந்து மூன்று கெஜம் உருவி, மறுபடி வெட்டினாள். அந்தப் புதுத் துணியைப் பக்கத்துத் தறிக்காரியின் இடுப்பைச் சுற்றிச் சுற்றி, முனையைச் செருகி, தோளில் கை போட்டு, கூடத்தின் நடுவழியே நடத்திக்கொண்டு போனாள். மேஸ்திரி குறுக்கே வந்து என்னவோ கத்தினார். அவரைச் சுற்றிக்கொண்டு போனாள். ஆணியில் இருந்த வில்லையைத் தானே எடுத்து அவள் கையில் கொடுத்து உள்ளே அனுப்பினாள். பிறகு மேஜை மேல் குனிந்து, மருமகனின் காதருகே அடித்தொண்டையிலிருந்து கத்தினாள்.

"எழுதுங்க மாப்பிள்ளை! யார் கேட்டா, எத்தனை தடவை கேட்டா, என்ன ஆச்சு, எல்லாத்தையும் எழுதுங்க. ஒண்ணையும் விட்டுடாதீங்க!"

அன்று வேலை முடிவதற்குள் முடிச்சக்காவை வேலையிலிருந்து நிறுத்தி வைத்துத் தாள் வந்துவிட்டது. கம்பெனித் துணியை வெட்டிப் பாழாக்கிய குற்றம். பத்து நாளில் விசாரணை. பக்கத்துத் தறிக்காரிக்கும் ஒரு தாள் வந்தது. அவள் குற்றம், ஓடுகிற தறியை விட்டு அகன்றது.

மூன்றாம் நாள் சாயங்காலம் மகளும் மருமகனும் வீட்டுக்கு வந்தார்கள். அவன் உட்காரவில்லை. சட்டைப் பையிலிருந்து நாலாக மடித்த தாளை எடுத்து மேஜையில் விரித்தான்.

"என்ன மாப்பிள்ளை இது?"

"மன்னிப்புக் கடிதம், அத்தை. அன்னைக்கு உங்களுக்கு உடம்பு சரியில்லை, மனசு ஒரு நிலையில இல்லை, தெரியாம செஞ்சிட்டீங்கன்னு எழுதியிருக்கேன். நீங்க கையெழுத்துப் போட்டாப் போதும். மேனேஜர் விட்டுடறேன்னு சொல்லிட்டார்."

"எனக்குப் பைத்தியம்னு நானே எழுதிக் கொடுக்கணும்."

"அப்படி இல்லை அத்தை..."

"தெரியாம மூணு கெஜம் எப்படி மாப்பிள்ளை வெட்டறது? ஒரு சாண்னா கை தவறிடுச்சுன்னு சொல்லலாம்."

முக்காலியிலிருந்து அவள் கணவர் இருமிக்கொண்டே சொன்னார். "இவ தெரியாம செஞ்ச காரியம் ஒண்ணே ஒண்ணுதான் மாப்பிள்ளை. என்னைக் கட்டிக்கிட்டது. அதுக்கே இன்னும் மன்னிப்புக் கேக்கலை."

மருமகனுக்குச் சிரிப்பு வரவில்லை. "குவார்ட்டர்ஸைக் காலி பண்ணச் சொல்லிடுவாங்க, அத்தை. உங்க மகளைத் தெருவில நிறுத்தணுமா? நான் என்ன செய்யட்டும்? அது நான் போட்ட உத்தரவா? சொன்னதைச் செஞ்சேன். எல்லாரும் என்னைப் பார்க்கிற பார்வையைப் பார்த்தா..."

அவளுக்கு அவன்மேல் இரக்கம் வந்தது. மகள் தனிக்குடித்தனம் வைத்த வீடு கண்ணுக்கு முன் வந்தது. ஜன்னலுக்குத் திரை தைத்துப் போட்டவள் இவள்தான். கை பேனாவை நோக்கி நகர்ந்ததும் உண்மை. வந்ததிலிருந்து ஒரு வார்த்தை பேசாமல் கணவனின் தோளுக்குப் பின்னால் நின்ற மகள், அப்போது நிமிர்ந்து அம்மாவைப் பார்த்தாள். உதடு மட்டும் அசைந்தது. அகலமாக, நிதானமாக, தறிக்கூடத்தில் பேசுகிற மாதிரி.

'போடாதேம்மா. நானும் அங்கே நின்னவதான்.'

முடிச்சக்கா தாளைப் பழையபடி நாலாக மடித்து மருமகன் கையில் கொடுத்தாள். "கையெழுத்து முத்து முத்தா இருக்கு மாப்பிள்ளை. வேற நல்ல விஷயத்துக்கு எழுதுங்க. உட்காருங்க, டீ குடிச்சிட்டுப் போகலாம்." அவன் டீ குடிக்காமலே போனான்.

அரசாங்கத்தின் தொழிலாளர் அதிகாரி விசாரணைக்கு வர வேண்டும் என்று மகள்தான் மனு எழுதிக் கொடுத்தாள், கணவன் வேலைக்குப் போயிருந்த நேரத்தில். விசாரணை நாள் வரை கூடத்தில் வேலை வழக்கம்போல நடந்தது. மேஸ்திரி கீழே நின்று பார்த்தார், மேனேஜர் மேலே நின்று பார்த்தார், மருமகன் மேஜையிலிருந்து பார்த்தான். அவர்கள் கண்ணுக்கு முன்னாலேயே அறுபத்திரண்டு பெண்களும் பேசி முடிவு செய்தார்கள். வெளியே முடிச்சக்கா தினமும் ஆலை வாசலுக்கு எதிர்ப்புறம் வந்து நின்றாள். தொழிலாளர்களோடு அவள் பேசாமல் பார்த்துக்கொள்ளக் காவல்காரருக்கு உத்தரவு. அவள் தெருவின் இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கத்துக்கு உதட்டாலேயே பேசினாள். காதில் ஒன்றும் விழவில்லை என்பதால், அந்தம்மா வாயே திறக்கவில்லை என்று காவல்காரர் மேலே போய்ச் சொன்னார்.

விசாரணை மேனேஜரின் அறையில் நடந்தது. தொழிலாளர் அதிகாரி கண்ணாடி போட்ட, களைத்துப்போன மனிதர். முடிச்சக்காவை உட்காரச் சொன்னவர் அந்த அறையில் அவர் ஒருவர்தான்.

"துணியை வெட்டினது நீங்கதானாம்மா?"

"நான்தாங்க ஐயா."

"எதுக்கு வெட்டினீங்க?"

அவள் நடந்ததைச் சொன்னாள். மேனேஜர் இடைமறித்தார். "யாரையும் யாரும் தடுக்கலை. கேட்டவங்க எல்லாரும் போயிட்டு வந்திருக்காங்க. இந்தம்மா கதை கட்டறாங்க."

அவர் மேஜைமேல் ஒரு டம்ளரில் தண்ணீர் இருந்தது. கீழே தறிகள் அடிக்கிற அதிர்வில் அது எப்போதும் நடுங்கிக்கொண்டே இருக்கும். மணி பத்து அடித்தது. நடுக்கம் மெல்ல மெல்லக் குறைந்து, தண்ணீர் கண்ணாடிபோல் நின்றது. மேனேஜர் ஒரு கணம் டம்ளரைப் பார்த்தார். பிறகு எழுந்து படியிறங்கி ஓடினார்; அதிகாரியும் முடிச்சக்காவும் பின்னாலேயே போனார்கள்.

கீழே அத்தனை தறிகளும் நின்றிருந்தன. கக்கூஸ் மேஜைக்கு முன்னால் பெண்கள் ஒருவர் பின் ஒருவராக, கூடத்தை இரண்டு சுற்று சுற்றி வரிசை கட்டியிருந்தார்கள். கோஷம் இல்லை, கூச்சல் இல்லை.

"என்ன இது? வேலைநிறுத்தமா?" என்றார் மேனேஜர்.

வரிசையில் முதலில் நின்ற வயதான நெசவுக்காரி பதறிப்போனவள்போல் கையை உதறினாள். "ஐயய்யோ, இல்லைங்க! எல்லாருக்கும் ஒரே நேரத்தில அவசரம் வந்துடுச்சு. வில்லை ஒண்ணுதானே இருக்கு? அதான் முறைப்படி வரிசையில நிக்கிறோம்."

"தறியை ஏன் நிறுத்தினீங்க?"

"ஓடற தறியை விட்டுட்டு வந்தாத் தப்புன்னு நீங்கதானே தாள் கொடுத்தீங்க?"

அதிகாரி வரிசையின் நீளத்தைக் கண்ணால் அளந்தார். "ஆளுக்கு அஞ்சு நிமிஷம்னா, கடைசியில நிக்கிறவங்க முறை வர அஞ்சு மணி நேரம் ஆகுமே!"

"ஆகுங்க," என்றாள் கிழவி. "தினமும் இப்படித்தான் நிக்கிறோம். தறிக்கு முன்னால நிக்கறதால உங்களுக்குத் தெரியறதில்லை."

அதிகாரி மேஜைப் பக்கம் திரும்பி, துணி வெட்டிய நாளின் பக்கத்தை எடுக்கச் சொன்னார். "நோட்டை என்கிட்ட கொடு," என்று மேனேஜர் கையை நீட்டினார்.

அந்தக் கூடம் அவ்வளவு அமைதியாக இருந்து யாரும் பார்த்ததில்லை. சுவர்க் கடிகாரம் துடிப்பதுகூடக் கேட்டது. மருமகன் நோட்டை எடுத்துக்கொண்டு எழுந்தான். மேனேஜரைப் பார்த்தான், பிறகு மாமியாரைப் பார்த்தான். அவள் கண் அசைக்கவில்லை. இவனாக ஒரு முடிவுக்கு வரட்டும் என்று மரம்போல் நின்றாள். அவன் நோட்டை இருவரிடமும் கொடுக்கவில்லை. பக்கத்தைப் புரட்டித் தானே படித்தான்.

"ஒன்பது அஞ்சு, கேட்டார், வில்லை இல்லை. ஒன்பது இருபது, கேட்டார், மறுக்கப்பட்டது. ஒன்பது முப்பத்தெட்டு, கேட்டார், கர்ப்பம் என்றார், மறுக்கப்பட்டது, மேனேஜர் உத்தரவுப்படி." தொண்டையைச் செருமிக்கொண்டான். "ஒன்பது ஐம்பத்திரண்டு, அத்தை கூட்டி வந்தார். வில்லையை அத்தையே எடுத்தார்."

"அத்தையா?" என்றார் அதிகாரி.

"என் மாமியாருங்க. அவசரத்தில அப்படியே எழுதிட்டேன்."

வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மேனேஜர் பல்லைக் கடித்தார். "உனக்கு வேலை வேணுமா, வேண்டாமா?"

"வேணுங்க," என்றான் மருமகன். "ஆனா எழுதினதை எழுதலைன்னு சொல்ல எனக்கு வரலைங்க."

வில்லை அன்றைக்கே போயிற்று. ஒரு மாதத்துக்குள் ஆறு கதவுள்ள புதுக் கக்கூஸ் கட்ட வேண்டும் என்று அதிகாரி எழுதினார். பக்கத்துத் தறிக்காரிக்கு வேலை திரும்பக் கிடைத்தது. பிரசவம் வரை உட்கார்ந்து செய்கிற வேலை. துணி விஷயம் மட்டும் மீந்தது.

"அது தனிக் குற்றம்மா," என்றார் அதிகாரி. "வருத்தப்படறேன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. எச்சரிக்கையோட முடிச்சிடலாம்."

"அந்த ஒரு வார்த்தைதாங்க ஐயா என்கிட்ட இல்லை. அந்தத் துணியை நெய்தவ நான். இத்தனை வருஷத்தில நான் நெய்த துணி எங்கே போகுது, யார் கட்டிக்கிறாங்கன்னு எனக்குத் தெரியாது. அந்த மூணு கெஜம் எங்கே போச்சுன்னு தெரியும். நாளைக்கு இன்னொருத்தி அப்படி நின்னா மறுபடி வெட்டுவேன்."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார்.

அவளை வேலையை விட்டு நீக்கியதாகத் தாள் வந்தது. மறுநாள் காலைச் சங்கு ஊதியபோது தறிக்கூடத்துக்குள் ஒருத்தியும் நுழையவில்லை. இந்த முறை சாக்குப்போக்கு எதுவும் சொல்லவில்லை; வாசலில் உட்கார்ந்துவிட்டார்கள். நாலாம் நாள் பஞ்சுப் பிரிவு ஆண்களும் வந்து சேர்ந்துகொண்டார்கள். பத்தாம் நாள் கம்பெனி பாதிப் படி இறங்கியது. முடிச்சக்காவுக்கு வேலை உண்டு, தறி கிடையாது. கழிவுப் பஞ்சு பிரிக்கிற கொட்டகைக்குப் போக வேண்டும்.

பெண்கள் ஒப்பவில்லை. அவள்தான் ஒப்பவைத்தாள். "போதும்டி. உங்க வீட்டு அடுப்பு எரியட்டும். என்னை ஆலையை விட்டு அனுப்பப் பார்த்தாங்க, முடிஞ்சுதா?"

சொல்லிவிட்டாளே தவிர, அன்று வீட்டுக்கு வந்ததும் கையை மடியில் வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்துவிட்டாள். இனி அந்த விரல்களுக்கு அறுந்த இழை எதுவும் வராது. கணவர் வேடிக்கையாக ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தாள். அவரோ தட்டில் சாப்பாட்டைப் போட்டு அவள் முன்னால் வைத்து, அவள் சாப்பிட்டு முடிக்கிற வரைக்கும் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார்.

மருமகனைக் கிடங்குக்கு மாற்றினார்கள். குவார்ட்டர்ஸ் போயிற்று. இரண்டு பெட்டிகளோடு அவனும் மகளும் முடிச்சக்காவின் இரண்டு அறை வீட்டுக்கு வந்தார்கள். முதல் வாரம் அவன் யாரோடும் பேசவில்லை. எட்டாம் நாள் மாமனாருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, யாரும் கேட்காமலே வெங்காயம் உரித்துக் கொடுத்தான். "நிமிஷத்துக்கு எத்தனை உரிக்கறீங்க மாப்பிள்ளை?" என்று கேட்டார் அவர். அவன் முதன்முறையாக வாய்விட்டுச் சிரித்தான். காலியாகக் கிடந்த அம்மாவின் தறிகளைத் தான் கேட்டு வாங்கியிருப்பதாக மகள் அன்றைக்குத்தான் சொன்னாள். கணவனிடம் சம்மதம் கேட்கவில்லை, தகவல் சொன்னாள். அவன் வெங்காயத்திலிருந்து கண்ணை எடுக்காமல், "சங்குக்குப் பத்து நிமிஷம் முன்னாடியே கிளம்பு," என்றான்.

அடுத்த நாள் காலை தாயும் மகளும் சேர்ந்து வேலைக்குப் போனார்கள்; முடிச்சக்காவுக்குக் கொட்டகையில் அதுதான் முதல் நாள். வாசலில் காவல்காரர் மகளை விட்டுவிட்டு முடிச்சக்காவை நிறுத்தினார்.

"நீங்க இந்த வழியா வரக் கூடாதும்மா. கழிவுக் கொட்டகை ஆளுங்க பின் வாசல்ல போகணும். உத்தரவு."

"யார் போட்ட உத்தரவு?"

"மேலே சொன்னாங்க."

"எழுத்தில இருக்கா?"

அவர் சட்டைப் பையைத் தடவினார். ஒன்றும் இல்லை.

"எழுதி வாங்கிக்கிட்டு வாங்க. படிச்சுப் பார்த்துட்டு, அதுக்கப்புறம் போகலாமா வேண்டாமான்னு சொல்றேன்," என்று தெருக்கோடி வரைக்கும் கேட்கிற குரலில் சொல்லிவிட்டு, முடிச்சக்கா அவரைத் தாண்டி உள்ளே போனாள்.

அந்த உத்தரவை யாரும் எழுதவில்லை. அதற்குப் பிறகு பதினோரு வருஷம் அவள் முன் வாசல் வழியாகவே வேலைக்குப் போய் வந்தாள். இரண்டாம் வாரத்திலிருந்து கழிவுக் கொட்டகைப் பெண்கள் எட்டுப் பேரும் அவளோடு அந்த வழியிலேயே வந்தார்கள்.